ஆத்தேயின் ஜூடாய்

துபாயில், கராமா பகுதியில் ஒரு பிளாட்டை நான்கு பெண்கள் பகிர்ந்துகொண்டிருந்தோம். இரண்டு பேர் மலையாளிகள், நான் ஒருத்தி, அப்புறம் பிலிப்பைன்ஸ்காரர் ஒருவர். 2012இல் இருந்து 2016 வரை அங்கே இருந்தேன். அந்தப் பிலிப்பைன்ஸ்காரரை நாங்கள் எல்லோரும் "ஆத்தே" என்றுதான் கூப்பிடுவோம். அவர்கள் மொழியில் அக்காவுக்கு அதுதான் சொல். முதல் நாள் கை நீட்டி, "என்னை ஆத்தே என்று கூப்பிடு" என்று அவர் சொன்னபோது எனக்குச் சிரிப்பை அடக்க முடியவில்லை. எங்கள் அப்பத்தா வாழ்நாள் முழுக்க அந்தச் சொல்லைச் சொல்லியிருக்கிறார். ஆனால் அடுப்பங்கரையில் பாம்பு தெரிந்தால்தான் சொல்வார்.

இன்னொரு சொல் இதைவிட மோசம். அம்மாவை அவர்கள் "நானாய்" என்பார்கள். பிள்ளைகள் அவசரத்தில் கூப்பிடும்போது முன்பாதியை விழுங்கிவிடுவார்கள், வெறும் "நாய்!" என்றுதான் நம் காதில் விழும். ஆத்தே பார்க்கும் தொடர்களில் நிமிடத்துக்கு ஒரு தடவை யாராவது அம்மாவைப் பார்த்து "நாய், நாய்" என்று கதறுவார்கள். ஒருநாள் தாங்க முடியாமல் தமிழில் அதற்கு என்ன பொருள் என்று சொல்லிவிட்டேன். வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். சிரித்து முடித்துக் கண்ணைத் துடைத்துக்கொண்டு, "என் மகன் என்னை நாய் என்றுகூடக் கூப்பிடுவதில்லையே" என்றார்.

விளையாட்டாகத்தான் சொன்னார். ஆனால் உண்மை அது. மகனுக்கு இரண்டு வயது இருக்கும்போது துபாய் வந்தவர். பையன் வளர்ந்தது பாட்டியிடம். அவனுக்கு நானாய் என்றால் பாட்டிதான். ஸ்கைப்பில் பேசும்போது பின்னால் நாங்கள் "ஆத்தே, தோசை வேணுமா", "ஆத்தே, பாத்ரூம் காலியா" என்று கத்துவதைக் கேட்டுக் கேட்டு அவனும் பெற்றவளை ஆத்தே என்றே அழைக்க ஆரம்பித்துவிட்டான். அதில் எங்களுக்கும் பங்கு உண்டு என்று நினைக்கும்போது இப்போதும் ஒரு மாதிரியாகத்தான் இருக்கிறது.

இந்த ஆத்தேதான் எனக்கு ஜூடாய் என்ற பிலிப்பைன்ஸ் நடிகையை அறிமுகப்படுத்தினார்.

ஜூடாய் என்பது செல்லப்பெயர். முழுப்பெயர் ஜூடி ஆன் சாண்டோஸ். 1978 மே 11 அன்று பிறந்தவர். எட்டு ஒன்பது வயதிலேயே கேமரா முன்னால் வந்துவிட்டார். எண்பதுகளின் கடைசியில் ஊலா என்ற காட்டுச் சிறுமி வேடத்தில் பிள்ளைகளுக்கெல்லாம் தெரிந்த முகமானார். ஆனால் ஆத்தேயின் தலைமுறைக்கு அவர் ஊலா இல்லை, மாரா. 1992 ஆகஸ்டில் ஏபிஎஸ்-சிபிஎன் சேனலில் தொடங்கி 1997 பிப்ரவரி வரை நாள் தவறாமல் ஓடியது "மாரா கிளாரா". தொடங்கியபோது ஜூடாய்க்கு 14 வயது. முடியும்போது 18.

கதையைச் சொன்னால் நம் வீட்டுப் பாட்டிகள் "இது தெரிஞ்ச கதைதானே" என்பார்கள். பிறந்த அன்றே இரண்டு பெண் குழந்தைகள் இடம் மாற்றப்படுகின்றன. பணக்கார வீட்டில் வளர வேண்டிய மாரா ஏழை வீட்டில் அடி வாங்கி வளர்கிறாள். ஏழைக்குப் பிறந்த கிளாரா மாளிகையில் திமிரோடு வளர்கிறாள். உண்மை ஒரு டைரியில் எழுதப்பட்டிருக்கிறது. அந்த டைரி யார் கைக்காவது கிடைக்கும், படிப்பதற்குள் தொலையும், மறுபடி கிடைக்கும். நாலரை வருடம் ஒரு நாடு முழுக்க அந்த டைரியின் பின்னால் ஓடியது. ஆத்தேயின் ஊர் பத்தாங்காஸ் மாகாணம். அந்த வருடங்களில் மணிலாவிலும் சுற்று வட்டாரத்திலும் மின்வெட்டு கடுமை. நாளுக்கு எட்டு மணி நேரம், பத்து மணி நேரம் என்று கரண்ட் போய்விடும். அவர்கள் அதை பிரவுனவுட் என்பார்கள். "கரண்ட் போன நாளில் எல்லாம் டைரி கிடைத்துவிட்டிருக்குமோ என்று தூக்கம் வராது" என்றார் ஆத்தே. மறுநாள் பள்ளிக்குப் போய், கரண்ட் இருந்த தெருக்காரப் பிள்ளைகளிடம் கதை கேட்பார்களாம்.

நான் யூடியூபில் பார்த்தபோது எனக்கு அந்தத் தொடர் தாங்கவில்லை. உண்மையைச் சொல்லிவிடுகிறேன். இசை ஓயாமல் அலறுகிறது, கேமரா முகத்துக்குள் புகுந்துவிடுகிறது, கிளாரா வேடத்தில் வரும் கிளாடிஸ் ரெயஸ் பத்து நிமிடத்துக்கு ஒருமுறை மாராவின் முடியைப் பிடித்து இழுக்கிறார். ஆனால் ஜூடாய் அழ ஆரம்பித்ததும் கதையே மாறிவிடுகிறது. மற்றவர்கள் அழுகையை நடிக்கிறார்கள். இந்தப் பெண்ணுக்கு முதலில் மூக்கு சிவக்கிறது, பிறகு கீழுதடு ஒரு பக்கமாக இழுக்கிறது, கண்ணீர் வருவதற்கு முன்பே நமக்குத் தெரிந்துவிடுகிறது. அழாமல் இருக்கப் பாடுபட்டுத் தோற்கிற பிள்ளையின் முகம் அது. பதினான்கு வயதில் அதை யாரும் சொல்லிக்கொடுத்துச் செய்துவிட முடியாது.

"எப்படி அழுதாள் என்று நினைக்கிறாய்? அவள் அம்மாவும் வெளிநாட்டில்தான் இருந்தாள்" என்றார் ஆத்தே.

அது உண்மைதான். ஜூடாயின் பெற்றோர் பிரிந்துவிட்டார்கள். அம்மா கனடாவுக்கு வேலைக்குப் போனார். அண்ணன் ஜெஃப்ரியும் நடிகர். பிள்ளைகளை வீட்டில் பார்த்துக்கொண்டது ஒரு யாயா. பிலிப்பைன்ஸில் பிள்ளை வளர்க்கும் ஆயாவுக்கு அந்தப் பெயர். சங்கத் தமிழில் "யாய்" என்றால் என் தாய் என்று பொருள் என்பதை ஆத்தேயிடம் சொன்னேன். இந்த முறை அவர் சிரிக்கவில்லை. "உங்கள் முன்னோர்களுக்கு எங்கள் விஷயம் தெரிந்திருக்கிறது" என்றார்.

ஆக, ஒரு சிறுமி. அம்மா கடல் கடந்து இருக்கிறார். வீட்டின் முக்கிய வருமானமே இவள்தான். தினமும் ஸ்டுடியோவுக்குப் போய், தாயன்பு கிடைக்காத பெண்ணாக அழுகிறாள். அதைப் பார்த்து, தாய்மார் வெளிநாடு போயிருக்கும் ஆயிரக்கணக்கான வீடுகளில் பிள்ளைகள் அழுகிறார்கள். இந்தக் கண்ணீருக்கு நல்ல விலை இருந்தது. மாரா கிளாரா முடிந்த கையோடு 1997இல் "எஸ்பெரான்சா" தொடங்கி 1999 வரை ஓடியது. அதிலும் பிரிந்துபோன குடும்பம், அதிலும் அழுகை. தொடர்களின் ராணி என்று பத்திரிகைகள் பட்டம் கொடுத்தன. பட்டம் கிடைத்தபோது அவருக்கு இருபதைத் தொட்ட வயது.

பிள்ளை நட்சத்திரங்கள் பற்றிப் பேசும்போது நாம் பெரும்பாலும் புகழைப் பற்றிப் பேசுகிறோம். எனக்கு நேரத்தைப் பற்றிப் பேசத் தோன்றுகிறது. மாரா கிளாரா தொடங்குவதற்கு இரண்டு மாதம் முன்புதான், 1992 ஜூனில், பிலிப்பைன்ஸில் சிறாரைச் சுரண்டலில் இருந்து காக்கும் 7610ஆம் எண் சட்டம் வந்தது. ஆனால் ஒரு பிள்ளை நாளுக்கு எத்தனை மணி நேரம் வேலை செய்யலாம், சம்பாதித்த காசு யாருக்கு என்பதையெல்லாம் விரிவாகச் சொன்னது 2003இல் வந்த 9231ஆம் எண் சட்டம்தான். பதினைந்து வயதுக்குக் கீழே என்றால் நாளுக்கு 4 மணி நேரம், வாரத்துக்கு 20 மணி நேரம். இரவு 8 மணிக்கு மேல் காலை 6 மணி வரை வேலையே கூடாது. பதினைந்தைத் தாண்டியவர்களுக்கு 8 மணி நேரம், வாரத்துக்கு 40. வருடத்துக்கு 2 லட்சம் பெசோவோ அதற்கு மேலோ சம்பாதிக்கும் பிள்ளையின் வருமானத்தில் குறைந்தது 30 சதவீதத்தை அந்தப் பிள்ளையின் பெயரிலேயே தனி நிதியாகப் போட்டுவைக்க வேண்டும். குடும்பத்தின் பொதுச் செலவுக்கு 20 சதவீதத்துக்கு மேல் எடுக்கக் கூடாது.

எனக்கு இந்தக் கடைசி எண் ரொம்பப் பிடித்திருந்தது. பிள்ளையின் சம்பாத்தியத்தில் குடும்பம் எவ்வளவு சாப்பிடலாம் என்று ஒரு நாடாளுமன்றம் உட்கார்ந்து கணக்குப் போட்டிருக்கிறது. இந்தச் சட்டம் வந்தபோது ஜூடாய்க்கு 25 வயது. அவர் அழவேண்டியதையெல்லாம் அழுது முடித்துவிட்டார்.

காசு விஷயமும் சும்மா விடவில்லை. 2002ஆம் ஆண்டு வருமானத்தைக் குறைத்துக் காட்டியதாக அவர் மேல் வழக்கு வந்தது. வேண்டுமென்றே செய்தார் என்பதற்கு ஆதாரம் இல்லை என்று வரி மேல்முறையீட்டு நீதிமன்றம் 2013இல் அவரை விடுவித்தது, பாக்கி வரியை மட்டும் கட்டச் சொன்னது. எட்டு வயதில் இருந்து பெரியவர்கள் காட்டிய இடத்தில் கையெழுத்துப் போட்டுப் பழகிய ஒருவருக்கு இப்படி ஒரு நாள் வந்ததில் எனக்கு வியப்பு இல்லை.

குழந்தை நட்சத்திரம் பெரியவராவது எங்கேயுமே சுலபம் இல்லை. பிலிப்பைன்ஸில் அதற்கு முன்மாதிரி இருந்தது. வில்மா சாண்டோஸ் 1963இல் பத்து வயதுக்குள் நடிக்க வந்தவர். பெரிய நடிகையாகி, பிறகு எங்கள் ஆத்தேயின் பத்தாங்காஸுக்கே கவர்னரும் ஆனார். (ஜூடாய்க்கு உறவில்லை. அந்த ஊரில் சாண்டோஸ் என்பது நம் ஊர் முருகன் மாதிரி.) ஆனால் ஒருவர் தாண்டியதால் மற்றவருக்கும் மதில் தாழ்ந்துவிடாது. ஜூடாய்க்கு முதலில் கிடைத்தது எல்லோருக்கும் கிடைக்கும் பாதைதான், "லவ் டீம்". ஒரு பையனையும் பெண்ணையும் சேர்த்து நிறுத்தி, படம் படமாக, தொடர் தொடராக அந்த ஜோடியை விற்பார்கள். முதலில் வௌவி டி குஸ்மானோடு, பிறகு பியோலோ பாஸ்குவாலோடு. ரசிகர்களுக்கு அந்த ஜோடி நிஜத்திலும் சேர வேண்டும். சேராவிட்டால் கோபம் வரும்.

இந்தக் கட்டத்தை ஆத்தே மணிக்கணக்கில் பேசுவார். பியோலோ பற்றி ஒரு வார்த்தை குறைத்துச் சொன்னால் சோறு கிடைக்காது. நான் சீக்கிரம் தாண்டிவிடுகிறேன். எனக்கு ஜூடாய் சுவாரசியமாகத் தொடங்குவது அதற்குப் பிறகுதான்.

2006 டிசம்பரில், மணிலா திரைப்பட விழாவில் "கசால், கசாலி, கசாலோ" வந்தது. ஹோசே ஹாவியர் ரெயஸ் இயக்கிய நகைச்சுவைப் படம். அவசரத்தில் கல்யாணம் செய்துகொண்ட இருவர், அவர்களுக்கு நடுவே புகுந்து விளையாடும் இரண்டு மாமியார்கள். கதாநாயகன் ரையன் அகோன்சிலியோ. இரண்டு வருடம் முன்பு "கிரிஸ்டாலா" என்ற சாகசத் தொடரில் ஜூடாயோடு நடித்தவர். இந்தப் படத்தில் ஜூடாய் சண்டை போடுகிறார், கத்துகிறார், சமைத்துக் கெடுக்கிறார், தூங்கி எழுந்த முகத்தோடு வாதாடுகிறார். பரிதாபம் என்ற ஒரே ஒரு பாத்திரத்தில் இத்தனை வருடம் பிச்சை வாங்கிய முகம், முதல் தடவையாக யாரிடமும் எதையும் கேட்கவில்லை. அந்த விழாவில் சிறந்த நடிகை விருது அவருக்குத்தான்.

அடுத்து 2008இல் "ப்ளோனிங்". இதில் அவர் தயாரிப்பிலும் பங்கெடுத்தார். பலவான் மாகாணத்தில் குயோ என்று ஒரு சின்னத் தீவு. அந்தத் தீவின் மொழியிலேயே படம். தகாலோக் பேசி வளர்ந்த ஜூடாய் குயோனோன் மொழியில் பேசி நடித்தார். காதலனுக்காகக் காத்திருப்பவள் என்று ஊரே நம்பும் ஒரு பெண், தன் வயிற்றில் பிறக்காத ஒரு சிறுவனுக்குத் தாயாக இருக்கிறாள். முந்திரிக் காடு, உப்புக்காற்று, மழை வருமா என்று பார்த்துக்கொண்டிருக்கும் மனிதர்கள். மெதுவான படம். என் மலையாளித் தோழிகள் பாதியில் தூங்கிவிட்டார்கள். அந்த வருடம் ஆஸ்கருக்கு பிலிப்பைன்ஸ் அனுப்பிய படம் இது. பரிந்துரைப் பட்டியலுக்கு வரவில்லை. ஆனால் நடிகையாக அவர் எங்கே போகப்போகிறார் என்பது அதில் தெரிந்துவிட்டது. ப்ளோனிங்குக்குத் துக்கம் நிறைய, கண்ணீர் கொஞ்சம்.

இனி வீட்டு விஷயம்.

2009 ஏப்ரல் 28 அன்று, பத்தாங்காஸில் சான் ஹுவான் ஊர் தேவாலயத்தில், அதிகாலையில், ஊருக்குத் தெரியாமல் ஜூடாய்க்கும் ரையனுக்கும் கல்யாணம் நடந்தது. பிலிப்பைன்ஸில் நட்சத்திரக் கல்யாணம் என்பது சாதாரண விஷயம் இல்லை. டிங்டாங் டான்டெஸ், மாரியன் ரிவேரா என்ற நட்சத்திர ஜோடி 2014 டிசம்பரில் செய்துகொண்ட கல்யாணத்தை டிவியில் சிறப்பு நிகழ்ச்சியாகவே போட்டார்கள். நாங்கள் நால்வரும் கராமாவில் உட்கார்ந்து பார்த்தோம், கேக்கின் உயரத்தைப் பற்றி ஒரு வாரம் பேசினோம். எட்டு வயதில் இருந்து முகத்தை நாட்டுக்குக் கொடுத்துவிட்ட பெண், இந்த ஒரு காலைப்பொழுதை மட்டும் கொடுக்க மறுத்துவிட்டார். ஆத்தேக்கு இதில் பெருமையும் உண்டு, குறையும் உண்டு. "எங்கள் மாகாணத்துக்கு வந்து கல்யாணம் செய்துகொண்டாள், ஒரு வார்த்தை சொல்லவில்லை பார்" என்பார், ஏதோ பத்திரிகை வைக்க மறந்துபோன சித்தி மகளைச் சொல்வது போல.

கல்யாணத்துக்கு முன்பே, தனியாக இருந்த காலத்திலேயே, ஜூடாய் ஒரு பெண் குழந்தையைத் தத்தெடுத்திருந்தார். பிறகு 2010இல் ஒரு மகன், 2016இல் ஒரு மகள் பிறந்தார்கள். மூத்த பெண் தத்துப்பிள்ளை என்பதை அவர் யாரிடமும் மறைத்ததில்லை, அந்தப் பெண்ணிடமும் மறைத்ததில்லை. பேட்டிகளில் மிகச் சாதாரணமாகப் பேசுவார்.

இதைக் கேட்ட அன்று எனக்கு அந்தப் பாழாய்ப்போன டைரி ஞாபகம் வந்தது. மாரா கிளாரா முழுக்க முழுக்க ஒரே ஒரு நம்பிக்கையின் மேல் நிற்கும் கதை. பெற்றவர்தான் பெற்றோர், ரத்தம்தான் உறவு, மாளிகையில் பிறந்த பிள்ளை எங்கே வளர்ந்தாலும் குணவதி, மற்றவள் எங்கே வளர்ந்தாலும் திமிர் பிடித்தவள். யாருக்கு யார் பிள்ளை என்ற உண்மையை ஒளித்துவைத்தே நாலரை வருடம் ஓட்டினார்கள். அந்தக் கதையை உடம்பில் சுமந்த பெண் வளர்ந்து, தன் வீட்டில் முதல் பிள்ளையை ரத்தம் பார்க்காமல் கொண்டுவந்தார். ஒளித்துவைக்க டைரி எதுவும் அந்த வீட்டில் இல்லை. ஒரு நாட்டுக்கு என்ன கதை சொல்லி அழவைத்தாரோ, அதை அவரே நம்பவில்லை என்பதுதான் எனக்கு அவரிடம் மிகவும் பிடித்த விஷயம். யாயா வளர்த்த பிள்ளைக்கு, வளர்ப்பது என்றால் என்ன என்று கேமராக்காரர்களைவிட நன்றாகத் தெரிந்திருக்கும்.

இதை ஆத்தேயிடம் உற்சாகமாகச் சொன்னேன். அவர் வெங்காயம் நறுக்கிக்கொண்டிருந்தார். "அப்படியென்றால் என் பிள்ளை என் அம்மாவை நானாய் என்பது சரிதான் என்கிறாயா?" என்றார். என்னிடம் பதில் இல்லை. வெங்காயத்தை வாங்கி நான் நறுக்கினேன்.

அன்று அவர் சமைத்தது அடோபோ. பொதுவாக அடோபோ என்றால் வினிகர், சோயா சாஸ், பூண்டு, மிளகு, பிரிஞ்சி இலை போட்டுக் கறியை மெல்லிய தீயில் சுண்டவிடுவது. பத்தாங்காஸ்காரர்கள் சோயாவுக்குப் பதில் மஞ்சள் போடுவார்கள். என் மஞ்சள்பொடி டப்பா மாதாமாதம் காலியானதன் ரகசியம் இதுதான். புளிப்பும் மிளகும் மஞ்சளும் சேர்ந்து கொதிக்கும்போது, கண்ணை மூடிக்கொண்டால் யாரோ கோழிக்குழம்பில் புளியை அள்ளிக் கொட்டிவிட்ட மாதிரி இருக்கும். முதல் வாய் பிடிக்காது. மறுநாள் காலையில் பழைய சோற்றோடு சாப்பிட்டால் விடமாட்டீர்கள்.

ஜூடாயும் சமையலில் பெரிய ஆள். சமையல் கலையை முறையாகப் படித்தவர். 2011இல் இருந்து பிள்ளைகளுக்கான மாஸ்டர்செஃப், பெரியவர்களுக்கான மாஸ்டர்செஃப் இரண்டையும் டிவியில் நடத்தினார். 2015இல் சமையல் புத்தகம் வந்தது, யூடியூபில் சொந்தச் சமையலறையும் வந்தது. ஒப்பனை இல்லாமல், முடியை அள்ளிக் கொண்டைபோட்டு, பூண்டை நசுக்கிக்கொண்டே தன் பாட்டுக்குப் பேசுவார். பின்னர் கணவனும் மனைவியும் சேர்ந்து ஓர் உணவகம் தொடங்கினார்கள். பெயர் "ஆங்ரிடோபோ". கணவனோடு சண்டை போட்டுவிட்டுக் கோபத்தில் சமைத்த அடோபோ ருசியாக வந்துவிட்டதாம், அந்தப் பெயரையே வைத்துவிட்டார்கள். இருபது வருடம் கண்ணீரை விற்றவர் இப்போது கோபத்தைத் தட்டில் வைத்து விற்கிறார் என்று நான் சொல்ல, ஆத்தே ரொம்பச் சிரித்தார். அது வாட்ஸ்ஆப்பில். அதற்குள் நான் ஊருக்குத் திரும்பிவிட்டேன்.

2019 நவம்பரில் அவரிடம் இருந்து ஒரே நாளில் பதினேழு செய்திகள் வந்தன. கெய்ரோ திரைப்பட விழாவில் ஜூடாய்க்குச் சிறந்த நடிகை விருது. படம் "மிண்டனாவ்". இயக்கியவர் பிரில்லான்டே மென்டோசா, 2009இல் கான் விழாவில் சிறந்த இயக்குநர் விருது வாங்கியவர். நடிகர்களுக்கு முழு வசனத்தையும் முன்கூட்டிக் கொடுத்துவிடாமல், அந்த நேரத்தில் வருவதை எடுப்பார் என்று பெயர் பெற்றவர். இதே கெய்ரோவில் 1995இல் இதே விருதை வாங்கிய பிலிப்பைன்ஸ் நடிகை நோரா ஔனோர். சிங்கப்பூரில் வீட்டுவேலை செய்த, கொலைக் குற்றத்துக்காக அந்த வருடம் மார்ச்சில் தூக்கிலிடப்பட்ட ஃப்ளோர் கான்டெம்ப்ளாசியோனாக நடித்ததற்கு. பிள்ளைகளை விட்டுவிட்டுக் கடல் கடந்து போன ஒரு தாய் அவர். ஆத்தேயின் செய்திகளில் பாதி நோராவைப் பற்றித்தான் இருந்தன.

மிண்டனாவ் படத்தில் ஜூடாய் சாய்மா என்ற முஸ்லிம் தாய். சின்ன மகளுக்கு மூளையில் புற்றுநோய். டாவாவ் நகரில், புற்றுநோய்ப் பிள்ளைகளும் தாய்மாரும் தங்கிச் சிகிச்சை பெறும் ஒரு விடுதியில் மகளோடு தங்கியிருக்கிறாள். கணவன் ராணுவத்தில் மருத்துவ உதவியாளன், தெற்கே சண்டை நடக்கும் இடத்தில் இருக்கிறான். மகளுக்கு அவள் பழங்கதை சொல்கிறாள், நாகத்தோடு போரிட்ட இந்தரபத்ரா, சுலைமான் என்ற இளவரசர்களின் கதை. அது திரையில் பிள்ளைகள் கிரேயானில் வரைந்த படம் போல அசைகிறது. (இந்திரன் பெயர் அவ்வளவு தூரம் போய் ஒரு சுலைமானுக்கு அண்ணனாகியிருப்பதைப் பற்றியே தனியாக ஒரு கட்டுரை எழுதலாம்.)

படத்தை நான் பிறகுதான் பார்த்தேன். மாராவைப் பார்த்துவிட்டு இதைப் பார்க்க வேண்டும். அதே மூக்கு, அதே கீழுதடு. அது இழுக்கத் தொடங்கும்போது நமக்குப் பழக்கம், சரி, இப்போது அழப்போகிறாள் என்று தயாராகிறோம். மகள் பார்த்துக்கொண்டிருக்கிறாள். உதடு திரும்பி நேராகிறது. கதையின் அடுத்த வரியைச் சொல்கிறாள். பதினான்கு வயதில் அழாமல் இருக்க முயன்று தோற்ற பிள்ளை, நாற்பதைத் தாண்டி, அதே முகத்தோடு, அந்தப் போராட்டத்தில் ஜெயிக்கிறாள். ஏனென்றால் இப்போது எதிரில் ஒரு பிள்ளை இருக்கிறது. இது இயக்குநர் சொல்லிக்கொடுத்ததா, மூன்று பிள்ளை வளர்த்ததில் வந்ததா, நான் யார் சொல்ல. ஆனால் முன்னதைப் பார்த்திருக்காத கெய்ரோ நடுவர்களுக்குப் பாதிதான் தெரிந்திருக்கும் என்று எனக்கு ஒரு சின்ன கர்வம்.

அந்த டிசம்பர் மணிலா விழாவிலும் படத்துக்குச் சிறந்த படம் உட்பட நிறைய விருதுகள். ஐந்து வருடம் கழித்து, 2024இல், "எஸ்பான்டாஹோ" என்ற பேய்ப்படத்துக்காக அதே விழாவில் மறுபடி சிறந்த நடிகை. அந்தத் தலைப்புக்குச் சோளக்கொல்லை பொம்மை என்று பொருள். இடையில் இன்னொன்றும் நடந்தது. கிளாராவாக நடித்துத் தெருவில் வசவு வாங்கிய கிளாடிஸ் ரெயஸ் இத்தனை வருடமும் வில்லியாகவே காலம் தள்ளியவர். அங்கே அதற்கு கான்ட்ரபிடா என்று பெயர். அவருக்கு 2023 கோடை மணிலா விழாவில் சிறந்த நடிகை விருது கிடைத்தது. படம் "அபாக்". இயக்கம் அதே பிரில்லான்டே மென்டோசா. தொட்டிலில் மாற்றிவைத்த இரண்டு பிள்ளைகளும் கடைசியில் ஒரே ஆளிடம் வந்து சேர்ந்தார்கள். நிஜ வாழ்க்கையில் அவர்கள் இருவரும் எப்போதுமே சிநேகிதிகள். அதை நம்ப ஆத்தேக்கு முப்பது வருடம் பிடித்தது.

ஆத்தே 2019 டிசம்பரில் துபாயைக் காலி செய்துகொண்டு ஊருக்கே போய்விட்டார். பையனுக்கு அப்போது பதின்மூன்று வயது. கிறிஸ்துமஸ் அன்றுதான் விழாப் படங்கள் எல்லாம் வெளியாகும். மகனைப் படத்துக்குக் கூப்பிட்டிருக்கிறார். "அழுகைப் படம், வேண்டாம்" என்று அவன் பக்கத்து அரங்கில் வேறு படத்துக்குப் போய்விட்டானாம். இவர் தனியாக மிண்டனாவ் பார்த்துவிட்டு, வாசலில் அவன் வருவதற்காகக் காத்துக்கொண்டு நின்றபடியே எனக்கு ஒரு குரல் செய்தி அனுப்பினார். மூன்று நிமிடத்துக்கு மேல். முக்கால்வாசி புகார். காசு கொடுத்துப் போனேன், ஜூடாய் ஒழுங்காக அழவே இல்லை, எல்லா அழுகையையும் என் தலையில் கட்டிவிட்டாள், பியோலோவும் இல்லை, பாப்கார்னும் நமத்துப்போனது.

பின்னணியில் கூட்டத்தின் இரைச்சல், ஜீப்னி என்ற அவர்கள் ஊர் ஷேர் வண்டியின் ஹாரன். செய்தி முடியப்போகும் நேரத்தில் எங்கோ தூரத்தில் இருந்து, உடைந்துகொண்டிருக்கும் ஒரு பையனின் குரல், "நாய்!" என்று ஒரு முறை கேட்கிறது. ஆத்தே பேச்சைப் பாதியில் நிறுத்துகிறார். அந்த இடத்தில் செய்தி முடிந்துவிட்டது.